‘யூத-கிறித்தவ நாகரிகம்’: ஒரு சொல்லுக்குப் பின்னால் இருக்கும் வரலாறு

சில வாரங்களுக்கு முன்பு, தியாகதுருகத்தில் மஃரிப் தொழுகை முடிந்து பள்ளிவாசல் திண்ணையில் உட்கார்ந்திருந்தோம். பிளஸ் டூ படிக்கும் பிள்ளை ஒருவன் செல்போனோடு பக்கத்தில் வந்து அமர்ந்தான்.

“ஹஜ்ரத், யூதரும் கிறிஸ்தவரும் ஆதியிலிருந்தே ஒரே நாகரிகமாம். ரெண்டு பேருக்கும் பொது எதிரி நாமதானாம். அப்படின்னா நம்ம ஊர்ல இருக்கிற கிறிஸ்தவங்களும் அவங்க ஆளுங்கதானே?”

யாரைப் பற்றிக் கேட்கிறாய் என்று விசாரித்தோம். அவனோடு ஆறாம் வகுப்பிலிருந்து ஒரே பெஞ்சில் படிக்கும் கிறிஸ்தவப் பிள்ளை. ஒவ்வொரு ரமலானிலும் நோன்புக் கஞ்சிக்கு இவன் வீட்டுக்கு வருபவன். இப்போது இரண்டு வாரமாக அவனோடு பேச்சு இல்லை.

அவன் காட்டிய வீடியோக்கள் இரண்டு. ஒன்றில் பேசியவர் இஸ்ரேலை ஆதரிக்கும் ஒரு விமர்சகர். மற்றொன்றில் பேசியவர் நம்மவர். காஸாவுக்காகக் கண்ணீர் விடுபவர். இருவரும் எதிரெதிர்த் தரப்பு. ஆனால் இருவரும் சொன்ன வரலாறு ஒன்றே: யூதரும் கிறித்தவரும் இரண்டாயிரம் ஆண்டுகளாக ஓரணி, முஸ்லிம்கள் எதிரணி. ஒருவர் அதைப் பெருமையாகச் சொன்னார், மற்றவர் எச்சரிக்கையாகச் சொன்னார்.

அரபிக் கல்லூரியில் தஃப்ஸீர் ஓதியபோது இந்த இரு சமூகங்களைப் பற்றி ஒரு பக்கத்தைப் படித்தோம். பிறகு பி.ஏ. படித்தபோது வரலாற்றின் வழியாக மறுபக்கத்தைப் பார்த்தோம். இரண்டையும் வைத்துப் பார்த்தால் அந்த இரு வீடியோக்களும் சொன்னது வரலாறே அல்ல. பண்டைய யூத சமயத்தையும் தொடக்ககாலக் கிறித்தவத்தையும் பற்றிக் கடந்த எழுபது, எண்பது ஆண்டுகளில் நடந்திருக்கும் ஆய்வுகள் வேறு கதையைச் சொல்கின்றன. அதைத் தெரிந்துகொள்வது நம் வீடுகளுக்கு ஏன் அவசியம் என்பதைப் பார்ப்போம்.

ஒரே சமூகத்துக்குள் நடந்த விவாதம்

1947ஆம் ஆண்டு வாக்கில், சாக்கடலின் மேற்குக் கரையில் கும்ரான் என்ற இடத்தில், தஆமிரா என்ற பதூயீன் குலத்தைச் சேர்ந்த ஆடு மேய்க்கும் இளைஞர் ஒருவர் குகைக்குள் இருந்த ஜாடிகளில் தோல் சுருள்களைக் கண்டெடுத்தார். முஹம்மது அத்-தீப் என்பது வரலாற்றில் நிற்கும் அவர் பெயர். அவற்றை பெத்லஹேமில் வாங்கி விற்றவர் ஒரு சிரியக் கிறித்தவர். அவற்றின் பழமையை முதலில் உணர்ந்தவர்களில் ஒருவர் எபிரேயப் பல்கலைக்கழகத்தின் யூதப் பேராசிரியர் சுகெனிக். பிறகு பதினொரு குகைகளிலிருந்து 900க்கும் மேற்பட்ட கையெழுத்துப் படிகளின் பகுதிகள் கிடைத்தன. கிறிஸ்துவுக்கு முந்தைய மூன்றாம் நூற்றாண்டு தொடங்கி கி.பி. முதல் நூற்றாண்டு வரையிலான எழுத்துகள் அவை.

அந்தச் சுருள்கள் ஒரு செய்தியைத் தெளிவாக்கின. ஈஸா (அலை) அவர்கள் வாழ்ந்த காலத்தில் யூத சமயம் ஒரே அச்சில் வார்த்ததாக இருக்கவில்லை. பரிசேயர், சதுசேயர், எசேனியர் எனப் பல குழுக்கள் இருந்தன. மெசியா யார், ஆலயத்தின் தூய்மை என்ன, நாட்காட்டி எது என்றெல்லாம் அவர்களுக்குள் கடும் விவாதம் நடந்தது. ஈஸா (அலை) அவர்களின் முதல் சீடர்களும் அந்த உலகத்துக்குள்ளேயே இருந்தார்கள். கத்னா செய்தார்கள், ஓய்வு நாளைப் பேணினார்கள், ஜெருசலேம் ஆலயத்துக்குப் போனார்கள். அன்றைக்குக் ‘கிறித்தவம்’ என்று தனியாக ஒரு மதம் இல்லை.

இன்று ஆய்வாளர்கள் சாதாரணமாகச் சொல்லும் இந்த விஷயம் ஒரு காலத்தில் சொல்லவே கடினமாக இருந்தது. ஆங்கிலிக்கன் பாதிரியார் ஜேம்ஸ் பார்க்ஸ், யூத வெறுப்பின் வேர் திருச்சபையின் போதனையில் இருக்கிறது என்று 1934இல் எழுதினார். ஹிட்லர் ஆட்சிக்கு வந்த மறு ஆண்டு அது. ஹங்கேரியில் பிறந்த கேஸா வெர்மெஷின் பெற்றோர் யூதர்களாக இருந்து கத்தோலிக்கத்துக்கு மாறியவர்கள். அப்படியும் நாஜிகளின் படுகொலையில் மாண்டார்கள். பாதிரியாராக இருந்து பின்னர் யூத சமயத்துக்கே திரும்பிய வெர்மெஷ், 1973இல் இயேசுவை அவருடைய யூதச் சூழலுக்குள் வைத்து ஒரு நூல் எழுதினார். 1977இல் அமெரிக்க அறிஞர் இ.பி. சாண்டர்ஸ், பவுலின் காலத்து யூத சமயம் வெறும் சட்டச் சடங்கு என்று சித்திரிப்பது பிழை என்று மூல நூல்களை வைத்தே காட்டினார்.

யூதரான ஜூல் ஐசக் பிரெஞ்சு வரலாற்றாசிரியர். அவருடைய மனைவியும் மகளும் நாஜிகளால் கொல்லப்பட்டார்கள். அந்தத் துயரத்துக்கு நடுவில், பள்ளியிலும் தேவாலயத்திலும் யூதரைப் பற்றிக் கற்பிக்கப்பட்ட இழிவுரைகளைத் தேடித் தொகுத்தார். 1960இல் போப் இருபத்து மூன்றாம் ஜானை நேரில் சந்தித்து அதை முறையிட்டார். அதன் விளைவுகளில் ஒன்றுதான் 1965 அக்டோபர் 28இல் வத்திக்கான் வெளியிட்ட பிரகடனம். இயேசுவின் மரணத்துக்கான பழியை எல்லா யூதர் மீதும் சுமத்தக் கூடாது என்று அது அறிவித்தது. அதே பிரகடனம் முஸ்லிம்களைப் பற்றியும் மதிப்போடு பேசியது என்பதை நம்மில் பலர் அறிவதில்லை.

பிரிவு எப்போது நடந்தது?

பழைய பாடநூல்கள் இதற்கு ஒரு தேதி சொல்லும். கி.பி. 70இல் ரோமானியர் ஜெருசலேம் ஆலயத்தை இடித்தார்கள்; அத்தோடு இரண்டும் பிரிந்தன என்று. வேறு சிலர் 132 முதல் 135 வரை நடந்த பார் கோக்பா கிளர்ச்சியைச் சொல்வார்கள்.

அண்மைக்கால ஆய்வு இந்தத் தேதிகளைக் கேள்விக்கு உட்படுத்துகிறது. ‘ஒருபோதும் பிரியாத பாதைகள்’ என்ற பொருள்படும் தலைப்பில் 2003இல் ஒரு கட்டுரைத் தொகுப்பு வந்தது. மறு ஆண்டு கலிபோர்னியாவின் பெர்க்லி பல்கலைக்கழகத்தில் தல்மூத் கற்பித்த டேனியல் பொயாரின், யூத ரப்பிகளும் கிறித்தவத் திருச்சபைத் தந்தையரும் சேர்ந்தே பல நூற்றாண்டுகளாக அந்த எல்லைக்கோட்டைப் போட்டார்கள் என்று எழுதினார். பவுல் யூதரல்லாதாரிடம் போனபோதே பிரிவு தொடங்கிவிட்டது என்று வாதிடும் அறிஞர்களும் உண்டு. விவாதம் முடியவில்லை. ஆனால் ஒரே நாளில் கத்தரித்தாற்போல் பிரிந்துவிடவில்லை என்பதைப் பெரும்பாலோர் ஏற்கிறார்கள்.

இதற்கு ஒரு சான்றைப் பயான் செய்பவர்கள் எளிதாகப் புரிந்துகொள்வோம். 386, 387ஆம் ஆண்டுகளில் அந்தியோக்கியாவில் ஜான் கிறிஸோஸ்தம் என்ற பாதிரியார் யூதரைக் கடுமையாகத் தாக்கித் தொடர் பிரசங்கங்கள் செய்தார். அவர் கோபத்துக்குக் காரணம் என்ன? அவருடைய சபையைச் சேர்ந்த கிறித்தவர்களே யூதப் பெருநாட்களுக்கு ஜெபஆலயம் போனார்கள், அவர்களோடு நோன்பிருந்தார்கள். ஒரு ஹஜ்ரத் மிம்பரில் எதைத் திரும்பத் திரும்பக் கண்டிக்கிறாரோ, அது ஊரில் நடந்துகொண்டிருக்கிறது என்று பொருள். ஈஸா (அலை) அவர்களுக்கு முந்நூற்றைம்பது ஆண்டுகளுக்குப் பிறகும் பாமர மக்கள் ஒருவர் வீட்டுக்கு ஒருவர் போய்வந்தார்கள். கோடு போட்டவர்கள் மேடையில் இருந்தார்கள்.

அந்தக் கோட்டை அரச அதிகாரம் பிறகு சுவராக்கியது. ரோமப் பேரரசு கிறித்தவத்தை ஏற்ற பின் யூதர் நிலை தாழ்ந்தது. 388இல் கல்லினிக்கம் என்ற ஊரில் கிறித்தவக் கும்பல் ஒரு ஜெபஆலயத்தை எரித்தது. பேரரசர் தியோடோசியஸ் அதைத் திரும்பக் கட்டித் தரச் சொன்னார். மிலான் பிஷப் அம்புரோஸ் நெருக்கடி கொடுத்து அந்த ஆணையைத் திரும்பப் பெறவைத்தார். 1096இல் சிலுவைப் போருக்குப் புறப்பட்ட கும்பல்கள் வழியிலேயே ரைன் நதிக்கரை யூதர்களைக் கொன்றன. 1099இல் ஜெருசலேமைப் பிடித்தபோது முஸ்லிம்களையும் யூதர்களையும் சேர்த்தே வெட்டினார்கள். 1290இல் இங்கிலாந்தும் 1492இல் ஸ்பெயினும் யூதர்களை நாடு கடத்தின. ஸ்பெயினிலிருந்து துரத்தப்பட்டவர்களில் பெருந்தொகையினருக்கு அடைக்கலம் தந்தது உஸ்மானியப் பேரரசு. ரோமரும் பைஸாந்தியரும் ஜெருசலேமில் யூதர் குடியிருக்க விதித்திருந்த தடையும், ஏழாம் நூற்றாண்டில் முஸ்லிம்கள் அந்நகரை வென்ற பிறகே நீங்கியது.

இரண்டாயிரம் ஆண்டு ஓரணி எங்கே இருக்கிறது?

அந்தச் சொல் பிறந்த கதை

‘யூத-கிறித்தவ’ என்ற சொல்லை 19ஆம் நூற்றாண்டு ஐரோப்பிய அறிஞர்கள் வேறு பொருளில் கையாண்டார்கள். கிறிஸ்துவை ஏற்றும் தவ்ராத்தின் சட்டங்களைக் கைவிடாத ஆதிகால யூதர்களைக் குறிக்க அது பயன்பட்டது. ஒரு ‘நாகரிகத்தின்’ பெயராக அது பரவியது 1930களின் அமெரிக்காவில்தான். நாஜிகளின் யூத வெறுப்புக்கு எதிராகக் கத்தோலிக்கரையும் புரொட்டஸ்டன்டுகளையும் யூதரையும் ஒன்றுசேர்க்க அது உதவியது. அந்த அளவில் அது நல்ல நோக்கம்தான். யூத இறையியலாளர் ஆர்தர் கோஹன் பின்னர் அதை ஒரு கட்டுக்கதை என்றே விமர்சித்து நூல் எழுதினார். அடித்தவனும் அடிபட்டவனும் ஒரே பரம்பரை என்று சொல்வது அடிபட்டவனின் வரலாற்றை மறைப்பதாகும் என்பது அவருடைய வாதத்தின் சாரம்.

2001 செப்டம்பருக்குப் பிறகு அந்தச் சொல்லின் முனை நம் பக்கம் திருப்பப்பட்டது. 2024 ஜூலையில் அமெரிக்க நாடாளுமன்றத்தில் பேசிய நெதன்யாகு, காஸா போரைக் காட்டுமிராண்டித்தனத்துக்கும் நாகரிகத்துக்கும் இடையிலான மோதல் என்று வர்ணித்தார். அந்தப் பேச்சுக்கு எழுந்து நின்று கைதட்டியவர்களில் பலர் தங்களைக் கிறித்தவச் சியோனிசத்தின் ஆதரவாளர்களாகக் காட்டிக்கொள்பவர்கள். அந்தச் சிந்தனையும் ஆதிகாலத்தது அல்ல. 19ஆம் நூற்றாண்டில் ஜான் டார்பி என்பவர் பரப்பி, 1909இல் வெளியான ஸ்கோஃபீல்ட் பைபிளின் அடிக்குறிப்புகள் வழியாக அமெரிக்க வீடுகளுக்குள் நுழைந்தது.

அந்த ‘நாகரிகத்தில்’ பாலஸ்தீனக் கிறித்தவர்களுக்கு இடம் உண்டா? 2023 அக்டோபர் 19இல் காஸா நகரின் புனித போர்பிரியஸ் தேவாலய வளாகம் இஸ்ரேலின் தாக்குதலுக்கு உள்ளானது. ஐந்தாம் நூற்றாண்டில் தோன்றிய பழமை அந்தத் தலத்துக்கு உண்டு. 2025 ஜூலை 17இல் அங்குள்ள ஒரே கத்தோலிக்கத் தேவாலயமான திருக்குடும்ப ஆலயம் தாக்கப்பட்டு மூவர் இறந்தார்கள். போப் பிரான்சிஸ் தம் இறுதி நாட்கள் வரை தொலைபேசியில் நலம் விசாரித்துவந்த ஆலயம் அது. ஜெருசலேமின் திருச்சபைத் தலைவர்கள் நால்வர் 2006லேயே கிறித்தவச் சியோனிசத்தை நிராகரித்துக் கூட்டறிக்கை வெளியிட்டார்கள். இன்னொரு பக்கம், முன்னர் குறிப்பிட்ட பொயாரின் தீவிர மார்க்கப் பற்றுள்ள யூதர். சியோனிசத்தை வெளிப்படையாக எதிர்ப்பவர். வீடியோக்கள் சொல்லும் இரண்டு அணிகளுக்குள் இவர்களில் யாரையும் அடக்க முடியாது.

நம் மண்ணிலுள்ள சாட்சியம்

நமது சான்று செப்பேட்டில் இருக்கிறது. கி.பி. 849இல், சேர மன்னர் தாணு இரவியின் ஐந்தாம் ஆட்சியாண்டில், வேணாட்டை ஆண்ட அய்யனடிகள் கொல்லத்தில் இருந்த தரிசாப்பள்ளி என்ற கிறித்தவத் தேவாலயத்துக்கு நிலமும் உரிமைகளும் கொடுத்தார். வட்டெழுத்தில் பொறித்த அந்தக் கொடையின் இறுதியில் சாட்சிக் கையெழுத்துகள் இருக்கின்றன. சிலர் கூஃபி அரபி எழுத்தில் கையெழுத்திட்டார்கள். சிலர் பஹ்லவியில். சிலர் பாரசீக மொழியை எபிரேய எழுத்தில் எழுதினார்கள். இந்து அரசர் கிறித்தவப் பள்ளிக்குக் கொடுத்த கொடைக்கு முஸ்லிம்களும் பாரசீகரும் யூதர்களும் சாட்சி.

அந்தச் செப்பேட்டில் ‘அஞ்சுவண்ணம்’ என்ற சொல் வருகிறது. மேற்காசிய வணிகர்களின் கூட்டமைப்பு அது. கூட்டம் என்று பொருள்படும் ‘அஞ்சுமன்’ என்ற பாரசீகச் சொல்லிலிருந்து வந்தது என்பது பல ஆய்வாளர்களின் கருத்து. கி.பி. 1000 வாக்கில் பாஸ்கர இரவி மன்னர் முயிரிக்கோட்டிலிருந்து யூதத் தலைவர் ஈசுப்பு இரப்பானுக்கு வழங்கிய செப்பேட்டிலும் அதே அஞ்சுவண்ணமும் 72 உரிமைகளும் பேசப்படுகின்றன. கொச்சி மட்டாஞ்சேரியின் பரதேசி ஜெபஆலயம் காத்துவந்த செப்பேடு அது. 2017 ஜூலையில் பிரதமர் மோடி இஸ்ரேல் சென்றபோது நெதன்யாகுவுக்குப் பரிசாகக் கொடுத்தது இதன் நகல்.

பிற்காலத்தில் தமிழ்க் கரையில் அதே அஞ்சுவண்ணம் முஸ்லிம்களின் பெயரானது. தக்கலையில் பீர் முகம்மது அப்பாவின் பெயரைத் தாங்கும் ஜமாஅத்தின் பெயரில் இன்றும் அஞ்சுவண்ணம் இருக்கிறது. மர்ஹூம் தோப்பில் முஹம்மது மீரான் ‘அஞ்சுவண்ணம் தெரு’ என்றே நாவல் எழுதினார். ஒரு செப்பேட்டில் கிறித்தவரோடும், மறு செப்பேட்டில் யூதரோடும், இன்று நம் தெருப்பெயரோடும் நிற்கிறது ஒரே சொல்.

இந்த உறவு எப்போதும் களங்கமின்றி இருந்தது என்று சொன்னால் அது பொய். 1524இல் கொடுங்கல்லூரில் முஸ்லிம்கள் யூதர்களைத் தாக்கினார்கள். ஷைகு ஜைனுத்தீன் மக்தூம் (ரஹ்) தம் துஹ்ஃபத்துல் முஜாஹிதீனிலேயே அந்த மோதலைப் பதிவு செய்திருக்கிறார். போர்ச்சுகீசியரும் மூன்று சமூகங்களையும் வாட்டினார்கள். 1599இல் உதயம்பேரூர் சபையின் பெயரால் சிரியக் கிறித்தவர்களின் நூல்களை எரிக்க ஆணையிட்டார்கள். 1662இல் பரதேசி ஜெபஆலயத்தைச் சேதப்படுத்தினார்கள். யூதரையும், தங்களோடு உடன்படாத கிறித்தவரையும், முஸ்லிமையும் ஐரோப்பியக் கிறித்தவ அரசு ஒன்றே ஒடுக்கிய வரலாறு நம் பக்கத்துக் கரையிலேயே இருக்கிறது.

குர்ஆன் காட்டும் வழி

அந்தப் பிள்ளை ஒரு வசனத்தையும் கேட்டான். மாயிதா அத்தியாயத்தின் 51ஆவது வசனம். அவர்கள் ஒருவருக்கொருவர் பாதுகாவலர்கள் என்று அல்லாஹ்வே சொல்கிறானே என்றான். நேர்மையான கேள்வி. முஃபஸ்ஸிர்கள் அந்த வசனத்தை மதீனாவின் போர்க்கால உடன்படிக்கைகளோடு இணைத்து விளக்குகிறார்கள். பனூ கைனுகாவோடு இருந்த கூட்டை உபாதா இப்னு ஸாமித் (ரலி) முறித்துக்கொண்டதும், நயவஞ்சகன் அப்துல்லாஹ் இப்னு உபை முறிக்க மறுத்ததும் அதன் பின்னணியாகச் சொல்லப்படுகிறது. சமூகத்துக்கு எதிராகப் போரிடும் தரப்போடு அரசியல் விசுவாசம் வைப்பது பற்றிய பேச்சு அது. பெஞ்சில் பக்கத்தில் உட்காரும் தோழனைப் பற்றியது அல்ல. நம்மோடு போரிடாதவர்களுக்கு நன்மை செய்வதை அல்லாஹ் தடுக்கவில்லை என்பதை மும்தஹினா அத்தியாயத்தின் 8ஆவது வசனம் தெளிவாக்குகிறது.

யூதரும் கிறித்தவரும் ஒருவரையொருவர் நிராகரித்ததை பகரா அத்தியாயத்தின் 113ஆவது வசனம் எடுத்துச் சொல்கிறது. நஜ்ரான் கிறித்தவத் தூதுக்குழுவும் மதீனாவின் யூத அறிஞர்களும் நபி (ஸல்) அவர்கள் முன்னிலையில் வாதிட்டுக்கொண்டதை அதன் பின்னணியாக தஃப்ஸீர் நூல்கள் குறிப்பிடுகின்றன. இருவரும் ஓரணி என்று குர்ஆனே சொல்லாதபோது, நாம் எங்கிருந்து அதைக் கற்றோம்? வேதக்காரர்கள் அனைவரும் ஒரே மாதிரி அல்லர் என்று ஆல இம்ரான் அத்தியாயத்தின் 113ஆவது வசனமும் பிரித்துக் காட்டுகிறது. முஃமின்களின் தாயார் ஸஃபிய்யா (ரலி) யூதக் குடும்பத்தில் பிறந்தவர்கள். அவர்களை வம்சத்தைச் சொல்லிக் குத்திக் காட்டியதை நபி (ஸல்) அவர்கள் பொறுக்கவில்லை.

நாம் திருத்திக்கொள்ள வேண்டியவை

முதலாவது, வீட்டில் ‘யூதன்’ என்பதை வசவாகப் பயன்படுத்துவதை நிறுத்த வேண்டும். குற்றம் செய்த அரசைப் பெயர் சொல்லிக் கண்டிப்போம். பிறப்பைக் குற்றமாக்க மாட்டோம். முஸ்லிம் என்ற பெயருக்காகவே சந்தேகிக்கப்படும் வேதனை நமக்குத் தெரியும்.

இரண்டாவது, ‘சியோன் மூத்தோரின் இரகசியத் திட்டம்’ என்ற பெயரில் வாட்ஸ்அப் குழுக்களில் சுற்றும் துண்டுகளைப் பகிர வேண்டாம். 1903இல் ரஷ்யாவில் வெளியான அது ஒரு போலி நூல் என்று 1921லேயே லண்டன் டைம்ஸ் நாளேடு நிரூபித்துவிட்டது. வந்த செய்தியைத் தீர விசாரிக்கச் சொல்லும் மார்க்கம் நம்முடையது. காஸாவின் உண்மையே போதுமான அளவு கனமானது. அதற்குப் பொய் முட்டுக்கொடுக்கத் தேவையில்லை.

மூன்றாவது, நமக்குச் சாதகமான ஆய்வையும் மிகைப்படுத்தக் கூடாது. ஈஸா (அலை) அவர்களை மனிதராகவே நம்பிய எபியோனியர் என்ற ஆதிகாலக் குழுவை ‘அவர்கள் முஸ்லிம்களே’ என்று சில பேச்சாளர்கள் முழங்குகிறார்கள். அந்தக் குழுவைப் பற்றி நாம் அறிவது பெரும்பாலும் அவர்களின் எதிரிகள் எழுதியது. ஆர்வமூட்டும் செய்திதான். ஆனால் நம் ஈமான் அதன்மேல் நிற்கவில்லை.

நான்காவது, மதரஸாக்களில் பிற சமயங்களின் வரலாற்றை அவர்களின் நூல்களையும் ஆய்வுகளையும் கொண்டு கற்பிக்க வேண்டும். பிள்ளைகள் கேள்வியோடு நம்மிடம் வரும்போது பதில் இல்லையென்றால், பதில் சொல்லக் காத்திருக்கும் செல்போன் அவர்கள் கையிலேயே இருக்கிறது.

இஷாவுக்கு பாங்கு சொல்லும் நேரம் ஆகிவிட்டது. அந்தப் பிள்ளை எழுந்தவன் திரும்பிக் கேட்டான்: “அப்ப நான் அவன்கிட்ட போய் என்ன ஹஜ்ரத் சொல்றது?”

“வரலாறெல்லாம் ஒண்ணும் சொல்ல வேண்டாம், தம்பி. பேசாம இருந்தது என் தப்புன்னு மட்டும் சொல்லு. இந்த ரமலானுக்கும் கஞ்சிக்குக் கூப்பிடு” என்றோம்.

காஸாவில் சிந்தும் இரத்தம் நம் நெஞ்சைச் சுடுகிறது. அந்தச் சூட்டில் நம் தெருவின் உறவுகள் கருகிப்போகாமல் காத்துக்கொள்வதும் நம் அமானிதம். அநீதியை எதிர்க்கும்போதும் நீதி தவறாத மக்களாக வல்ல அல்லாஹ் நம் அனைவரையும் ஆக்கி அருள்வானாக! ஆமீன்.